செம்ப்ளபிள்: ஒத்தது, ஒத்துவருவது, போலத் தோன்றுவது

ஆங்கிலத்தில் ‘செம்ப்ளபிள்’ என்றொரு பெயரடை உண்டு. இன்றைய செய்தித்தாளிலோ அலுவலகக் கடிதத்திலோ அதைக் காண முடியாது. பெரிய அகராதிகளில் இருக்கிறது, ஷேக்ஸ்பியரின் நாடகங்களில் இருக்கிறது, பழைய நடையின் மேல் ஆசை விடாத சில எழுத்தாளர்களிடம் எப்போதாவது தலை காட்டுகிறது. ராமேசுவரத்துக்குப் பக்கத்தில் உள்ள மண்டபம் என்ற ஊரில், என்னிடம் மாலை வேளையில் ஆங்கிலம் படிக்க வரும் கல்லூரி மாணவி ஒருத்தி, பாடத்தில் வந்த இந்தச் சொல்லுக்கு, “தமிழ்ல ஒரே வார்த்தையில சொல்லுங்க சார்” என்று கேட்டாள். ‘ஒத்த’ என்று சொல்லி முடித்திருக்கலாம். ஆனால் அந்தச் சொல்லின் பொருள் மூன்று திசைகளில் போகிறது; தமிழில் அந்த மூன்றையும் ஒரே சொல்லில் அடக்க முடிகிறதா என்று யோசிக்கத் தொடங்கியதன் விளைவுதான் இந்தப் பதிவு.

முதலில் சொல்லின் பிறப்பைப் பார்த்துவிடலாம். லத்தீனில் ‘சிமிலிஸ்’ என்றால் ஒத்தது. அதிலிருந்து கிளைத்த வினைச்சொல் பழைய பிரெஞ்சில் ‘தோன்றுதல், போல் இருத்தல்’ என்ற பொருளுடைய வினையாகி, அந்த வினை ஈன்ற பெயரடை 14ஆம் நூற்றாண்டில், ஆங்கிலக் கவி சாசர் எழுதிக்கொண்டிருந்த காலத்தை ஒட்டி, ஆங்கிலத்துக்கு வந்து சேர்ந்தது. ரிசெம்பிள், செம்ப்ளன்ஸ், சிமிலர், சிமுலேட் எல்லாம் இதன் உறவுக்காரர்கள். அழுத்தம் முதல் அசையில் விழும். இறுதியில் உள்ள ‘ஏபிள்’ என்ற விகுதியைப் பார்த்து ‘செய்யக்கூடிய’ என்று பொருள் கொள்ளக் கூடாது; இங்கே அது வெறும் பெயரடை விகுதி. 17ஆம் நூற்றாண்டில் ‘சிமிலர்’ ஆங்கிலத்தில் புழங்கத் தொடங்கி, ஒப்புமையைச் சொல்லும் வேலை முழுவதையும் மெல்ல எடுத்துக்கொண்டது. பழைய சொல்லுக்கு வேலை இல்லாமல் போயிற்று.

அகராதிகள் இந்தப் பெயரடைக்குத் தரும் பொருள்கள் மூன்று: ஒத்தது, பொருத்தமானது, உண்மையில் அப்படி இல்லாவிட்டாலும் அப்படித் தோன்றுவது. முதல் பொருள்தான் பெருவழக்கு. இரண்டாவது மிகப் பழையது. இன்று அந்தப் பொருளில் யாரும் எழுதுவதில்லை என்றே சொல்லலாம். மூன்றாவதுதான் எனக்குச் சுவையானதாகப் படுகிறது, ஏனென்றால் அது முதல் பொருளுக்கு ஏறத்தாழ எதிராக நிற்கிறது. ஒன்று மற்றொன்றைப் போல் இருக்கிறது என்பது இரண்டையும் சேர்த்து வைக்கும் பேச்சு. ஒன்று மற்றொன்றைப் போல் தோன்றுகிறது என்பதோ, இது அது அல்ல என்று பிரித்து வைக்கும் பேச்சு.

மாணவியின் பாடத்தில் இருந்த இடம் ஷேக்ஸ்பியரின் ‘நான்காம் ஹென்றி’ இரண்டாம் பாகத்தில் ஃபால்ஸ்டாஃப் பேசும் இடம். ஷாலோ என்ற நாட்டுப்புற நீதிபதியின் வீட்டில் விருந்தாளியாக இருக்கும் ஃபால்ஸ்டாஃப், அந்த நீதிபதியின் குணமும் அவருடைய வேலைக்காரர்களின் குணமும் ஒன்றோடொன்று இழைந்து கிடக்கும் அழகை வியக்கிறான். அவரைப் பார்த்துப் பார்த்து வேலைக்காரர்கள் அசட்டு நீதிபதிகள் போல நடக்கிறார்கள். அவர்களோடு பழகிப் பழகி அவர் நீதிபதித் தோரணை கொண்ட வேலைக்காரராகிவிட்டார் என்பது அவன் கிண்டல். அந்த இழைவுக்கு அவன் இடும் அடைமொழிதான் ‘செம்ப்ளபிள்’. ‘அந்தோணியும் கிளியோபாட்ராவும்’ நாடகத்திலும் ‘இதைப் போன்ற இன்னும் ஆயிரம்’ என்று அடுக்கும் ஓரிடத்தில் இந்தச் சொல் வருகிறது. இரண்டிலும் பொருள் நேரடியானது. ‘ஒத்த’ என்ற தமிழ்ச் சொல்லே போதும்.

ஆனால் ‘ஒத்த’ என்ற சொல்லை எடுத்த உடனே தமிழ் அதன் பின்னால் வேறொரு கூட்டத்தையும் அழைத்துக்கொண்டு வருகிறது. ஒத்துவருதல், ஒத்துப்போதல், ஒத்துழைப்பு, ஒப்புதல், ஒப்பந்தம் எல்லாம் ஒரே வேரின் கிளைகள். இங்கே கடலுக்குப் போகிறவர் ஒருவர், “இந்த வலை இந்தக் கடலுக்கு ஒத்து வராது” என்று சொன்னால், வலைக்கும் கடலுக்கும் உருவ ஒப்புமை இல்லை என்று அவர் வருந்தவில்லை. பொருந்தவில்லை என்று சொல்கிறார். ஆக, ஆங்கிலச் சொல்லின் முதல் இரண்டு பொருள்களும், ஒத்தது என்பதும் பொருத்தமானது என்பதும், தமிழில் ‘ஒ’ என்ற ஒரே வேரில் தாமாகவே அடங்கிவிடுகின்றன. ஆங்கிலத்தில் செத்துப்போன இரண்டாவது பொருள் தமிழில் அன்றாடப் பேச்சில் உயிரோடு இருக்கிறது.

மூன்றாவது பொருளுக்கு இந்த வேர் அவ்வளவாக இடம் கொடுப்பதில்லை. ஒப்பனை என்ற சொல் ஒரு விலக்கு: மேடையில் அரசனாக வருகிறவன் முகத்தில் பூசிக்கொள்வது தோற்றத்துக்காகச் செய்துகொள்ளும் ஒப்புமைதான். அதை விட்டால், தோற்றம் பற்றிய ஐயம் முழுவதையும் தமிழ் ‘போல்’ என்ற இன்னொரு வேரிடம் ஒப்படைத்திருக்கிறது. “அம்மா போல இருக்கிறாள்” என்றால் ஒப்புமை. “மழை வரும்போல” என்றால் அங்கே ஒப்பிடுவதற்கு ஒன்றுமே இல்லை. வானத்தைப் பார்த்துச் சொல்பவரின் ஊகம் மட்டுமே இருக்கிறது. இதே வேரில் பிறந்த ‘போலி’ என்ற சொல் கடைத்தெருவில் ஏமாற்றுப் பொருளைக் குறிக்கிறது. இலக்கண வகுப்பிலோ அதே ‘போலி’க்கு எந்தக் களங்கமும் கிடையாது, பந்தல் என்பதைப் பந்தர் என்று எழுதினால் அது கடைப்போலி, பொருள் மாறாமல் ஓரெழுத்தின் இடத்தில் இன்னோரெழுத்து வந்திருக்கிறது, அவ்வளவுதான்.

இந்த நழுவலைத் தொல்காப்பியர் கவனித்திருக்கிறார் என்பது எனக்கு எப்போதும் வியப்பளிக்கும் செய்தி. இடைச்சொற்களைப் பேசும் இடையியலில் ‘ஒப்பில் போலியும் அப்பொருட் டாகும்’ என்று ஒரு நூற்பா இருக்கிறது. ஒப்புமைப் பொருள் இல்லாமல் வரும் ‘போலும்’ என்ற சொல்லும் உரையசையாகும், அதாவது பேச்சில் தனிப்பொருள் இல்லாமல் வரும் அசைச்சொல்லாகும், என்பது கருத்து. மங்கலம் என்றோர் ஊர் உண்டு போலும் என்று உரையாசிரியர்கள் எடுத்துக்காட்டுத் தருகிறார்கள். அந்த ஊர் வேறெந்த ஊரைப் போலவும் இல்லை. பேசுகிறவர் உறுதியாகச் சொல்லாமல் நிறுத்திக்கொள்கிறார். ‘போல்’ என்பது ஒப்புமையிலிருந்து தோற்றத்துக்கு நகரும் இடம் அதுதான். ஆங்கிலச் சொல் தன் முதல் பொருளிலிருந்து மூன்றாம் பொருளுக்குப் போன வழியும் இதுவே. ஆகவே என் கணக்கு இப்படி நிற்கிறது: ஒப்புமையும் பொருத்தமும் ‘ஒ’ வேரில், ஒப்புமையும் தோற்றமும் ‘போல்’ வேரில். நடுவில் உள்ள ஒப்புமை இரண்டுக்கும் பொது. மூன்றையும் ஒருசேரச் சுமக்கும் தமிழ்ச் சொல்லைத் தேடுவதைவிட, வாக்கியத்தில் எந்தப் பக்கம் சாய்கிறது என்று பார்த்து ஒன்றைத் தேர்ந்தெடுப்பதே மொழிபெயர்ப்பவருக்கு உகந்தது.

பேச்சு வழக்கில் ‘மாதிரி’ இருக்கிறதே என்று கேட்கலாம். “அவுக அப்பா மாதிரி” என்பதில் ஒப்புமை, “கச்சான் அடிக்கிற மாதிரி இருக்கு” (கச்சான் என்பது மேல்காற்று) என்பதில் தோற்றம், கடைக்காரர் நீட்டும் மாதிரித் துணியில் ஒன்றைக் காட்டி மற்றதை உணர்த்தும் ஒப்புமை. உண்மையில் ஆங்கிலச் சொல்லுக்கு மிக அருகில் வருவது இந்தச் சொல்தான். எழுத்து நடையில் அதைக் கொண்டுவரப் பலர் கூசுகிறார்கள். அந்தக் கூச்சத்துக்குக் காரணம் எனக்கு விளங்கவில்லை.

இந்த இரண்டு பொருள்களின் வேறுபாட்டைக் கையில் எடுத்துப் பார்க்க வேண்டுமானால் ராமேசுவரத்தில் சங்கு விற்கும் கடைகளுக்குப் போக வேண்டும். மன்னார் வளைகுடாவில் கிடைக்கும் சங்கில் பெரும்பாலும் எல்லாமே இடம்புரி. அதே இனத்தில் மிக அரிதாகச் சுழி எதிர்த்திசையில் அமைந்துவிட்டால் அது வலம்புரி. அதற்கு உள்ள மதிப்பும் விலையும் அந்த அருமையால் வந்தவை. இடம்புரியையும் வலம்புரியையும் அருகருகே வைத்தால் ஒன்று மற்றொன்றின் கண்ணாடி பிம்பம்: அதே ஓடு, அதே கனம், அதே வாய், சுழி மட்டும் மாறியிருக்கும். இந்த ஒப்புமையை ‘செம்ப்ளபிள்’ என்பதன் முதல் பொருளில் தயக்கமின்றிச் சொல்லலாம். ஆனால் வலம்புரி என்று விற்கப்படுபவற்றில் வேறொரு பிராணியின் ஓடும் உண்டு. அமெரிக்காவின் கிழக்குக் கரையிலும் மெக்சிகோ வளைகுடாவிலும் வாழும் ஒரு வகை நத்தை இயல்பிலேயே அந்தத் திசையில் சுழிவது. அங்கே அது அரிதும் அல்ல. அதன் ஓடு இங்கே வந்து வலம்புரி ஆகிவிடுகிறது. இது மூன்றாவது பொருள்.

பார்த்த மாத்திரத்தில் வேறுபாடு தெரிவதில்லை. சுழி சரியான திசையில்தான் இருக்கிறது. கடைக்காரர் ஒருவர் எனக்குக் காட்டித் தந்த வழி எளியது. சங்கின் வாயை வெளிச்சத்துக்கு நேராகத் திருப்பி, உள்ளே சுழியின் நடுத்தண்டைப் பார்க்க வேண்டும். நம் கடல் சங்கில் அந்தத் தண்டின் குறுக்கே மூன்று நான்கு மடிப்புகள் வரிவரியாக எழுந்து நிற்கும். விரலை உள்ளே விட்டால் நெருடும். மற்றதில் தண்டு வழவழவென்று இருக்கும். “பாக்குறதுக்கு வலம்புரி மாதிரிதான்ணே இருக்கும், ஆனா சங்கே கிடையாது” என்றார் அவர். அவருடைய வாக்கியத்தில் ‘மாதிரி’ செய்த வேலையை ஆங்கிலத்தில் பெயரடையாக்கினால் ‘செம்ப்ளபிள்’ என்பதன் மூன்றாம் பொருள் அச்சாக வந்துவிடும். அதே கடையில் அவர் என்னிடம் ஒரு வலம்புரியைக் காட்டி, “அப்படியே இடம்புரிய ஒத்திருக்கு பாருங்க” என்று சொல்லியிருந்தால் அது முதல் பொருள்.

ஆங்கிலச் சொல்லில் இல்லாத ஒன்றும் தமிழில் உண்டு. ஒன்று இன்னொன்றை எந்த வகையில் ஒத்திருக்கிறது என்று ‘செம்ப்ளபிள்’ சொல்வதில்லை. தொல்காப்பியத்தின் உவமவியல் ஒப்புமையை வினை, பயன், மெய், உரு என்று நான்காகப் பிரிக்கிறது. செயலால் ஒப்பது, விளைவால் ஒப்பது, வடிவால் ஒப்பது, நிறத்தால் ஒப்பது. உவம உருபுகள் முப்பத்தாறையும் பெயர் சொல்லி அடுக்கிவிட்டு, ஒவ்வொரு வகைக்கும் எட்டெட்டு உருபுகளைச் சிறப்பாக உரிமையாக்குகிறது. அன்ன, மான முதலியவை வினைக்கு. எள்ள, கள்ள, வெல்ல முதலியவை பயனுக்கு. கடுப்ப, மருள, புரைய முதலியவை மெய்க்கு. போல, ஒப்ப முதலியவை உருவுக்கு. புலவர்கள் இந்த எல்லைகளை எப்போதும் மதித்தார்கள் என்று சொல்ல முடியாது. நன்னூல் காலத்தில் பட்டியலே பன்னிரண்டாகச் சுருங்கி, ‘பிறவும்’ என்று முடிகிறது. ஆனாலும் பட்டியலைப் பாருங்கள்: எள்ள என்பது இகழ்தல், கள்ள என்பது திருடுதல், வெல்ல என்பது வெற்றி கொள்ளுதல், நடுங்க என்பது அஞ்சி நடுங்குதல். ஒன்று இன்னொன்றைப் போல் இருப்பதை அதன் அழகைத் திருடுவதாகவும், அதை எள்ளுவதாகவும், அதை நடுங்கவைப்பதாகவும் பார்த்த மொழி இது. ‘சிமிலர்’ என்ற சொல்லின் பக்கத்தில் வைத்தால் அந்தச் சொல் சோகை பிடித்துத் தெரிகிறது.

இந்த நான்கு வகைப் பிரிவு ஏட்டோடு நின்றுவிடவில்லை. பாக் நீரிணைப் பகுதியிலும் மன்னார் வளைகுடாவிலும் கடல் புல் மேயும் பிராணியை இங்குள்ள மீனவர்கள் ஆவுளியா என்பார்கள். நூல்களில் கடல் பசு. “மாடு கணக்கா புல்லு மேயும்” என்றுதான் அதைப் பற்றிய பேச்சு தொடங்கும். இது வினையுவமம். அதே பிராணி அடங்கும் வரிசைக்கு உயிரியலில் இட்ட பெயர் ‘சைரீனியா’, அதாவது பாடி மயக்கிக் கப்பலோட்டிகளை அழிக்கும் கிரேக்கக் கதைப் பெண்களின் பெயர். தூரத்தில் நீருக்கு மேல் தெரிந்த உருவத்தைப் பெண்ணென்று கண்ட மாலுமிகளின் கதைகள் அதன் பின்னணி; அது மெய்யுவமம், அதுவும் தோற்றப் பிழையில் பிறந்தது. பக்கத்தில் இருந்து பார்த்தவர்கள் செயலைப் பிடித்தார்கள், தூரத்தில் இருந்து பார்த்தவர்கள் வடிவத்தைப் பிடித்தார்கள். நாக்கு மீன், கிளி மீன், கடற்குதிரை போன்ற பெயர்களில் உருபே தேவைப்படவில்லை. போன்ற என்பது உள்ளே மறைந்து நிற்கிறது.

ஒப்புமையும் தோற்றமும் சங்கப் பாட்டில் ஒரே மூச்சில் வருவதற்கு எனக்குப் பிடித்த இடம் குறுந்தொகையின் 47ஆம் பாட்டு. வேங்கைப் பூ உதிர்ந்து கிடக்கும் குண்டுக்கல் ‘இரும்புலிக் குருளையின் தோன்றும்’ காட்டு வழி. கல்லும் புலிக்குட்டியும் ஒத்திருக்கின்றன என்பதும் உண்மை. இரவில் வருகிறவனுக்கு அது புலிக்குட்டியாகவே தெரியும் என்பதும் உண்மை. ‘இன்’ என்ற உருபு முதலாவதைச் சொல்ல, ‘தோன்றும்’ இரண்டாவதைச் சொல்கிறது. இதை ஆங்கிலத்தில் பெயர்க்கும் எவரும் இரண்டில் ஒன்றை விட்டுவிட நேரும். வழக்கொழிந்த ‘செம்ப்ளபிள்’ மட்டும் இரண்டையும் தாங்கியிருக்கும். ஆனால் படிப்பவர்களில் பாதிப் பேர் அந்த ஒரு சொல்லுக்காக அகராதியைத் தேடிப் போவார்கள்.

இந்தச் சொல் பெயர்ச்சொல்லாகவும் வரும். அப்போது ‘தன்னைப் போன்றவன், சக மனிதன்’ என்று பொருள். ஷேக்ஸ்பியர் நாடகத்தில் ஏதென்ஸ் நகரத்து டைமன் மனிதர்கள் மேல் கொண்ட வெறுப்பில், தன்னை ஒத்தவனை மட்டுமல்ல தன்னையே வெறுப்பதாகச் சொல்கிறான். ஹாம்லெட், அரசவைக்காரன் ஒருவனின் அலங்காரப் பேச்சைக் கேலி செய்வதற்காக அதைவிட அலங்காரமாகப் பேசும் இடத்தில், லேயர்ட்டீசுக்கு நிகர் அவனுடைய கண்ணாடி மட்டுமே என்று இந்தச் சொல்லைப் போடுகிறான். அன்றைக்கே அது சற்று மிடுக்கான சொல்லாக இருந்திருக்க வேண்டும் என்று எனக்குப் படுகிறது. பின்னாளில் 1857இல் பிரெஞ்சுக் கவி பொதலேர் தன் வாசகனை ‘என் செம்ப்ளாபிள், என் சகோதரன்’ என்று விளிக்க, 1922இல் ஆங்கிலக் கவிஞர் எலியட் அந்த வரியைத் தன் நெடுங்கவிதையில் பிரெஞ்சிலேயே எடுத்து வைத்தார். ஆங்கிலம் படித்தவர்களில் பலர் இந்தச் சொல்லை முதலில் சந்திப்பது அங்கேதான்.

இந்தப் பெயர்ச்சொல்லுக்கு வள்ளுவரிடம் இரண்டு மறுமொழிகள் உண்டு. ‘உறுப்பொத்தல் மக்களொப் பன்றால் வெறுத்தக்க / பண்பொத்தல் ஒப்பதாம் ஒப்பு’ என்கிறது 993ஆம் குறள். உறுப்பு ஒத்திருப்பது மனிதரோடு ஒப்பாவது அல்ல, பண்பு ஒத்திருப்பதே ஒப்பு. இங்கே முழுக்க ‘ஒ’ வேரே ஆள்கிறது. கயவரைப் பற்றிய 1071ஆம் குறளில் நிலைமை மாறுகிறது: ‘மக்களே போல்வர் கயவர் அவரன்ன / ஒப்பாரி யாங்கண்ட தில்’. போல்வர், அன்ன, ஒப்பாரி என்று ஒப்புமைச் சொற்கள் மூன்று ஒரே குறளில் அடுத்தடுத்து வருகின்றன. கயவர்கள் மக்களைப் ‘போல்வர்’. ‘ஒப்பர்’ என்று அவர் சொல்லவில்லை. எவ்வளவு எச்சரிக்கையான தேர்வு. ஒப்பாரி என்பது அங்கே ஒப்புமை என்ற பொருளிலேயே நிற்கிறது. இழவு வீட்டில் இறந்தவரைப் பொன்னுக்கும் தேருக்கும் ஒப்பிட்டு அழும் பாட்டுக்கு அந்தப் பெயர் வந்ததில் நியாயம் இருக்கிறது.

மாணவிக்கு நான் கடைசியாகக் கொடுத்த பயிற்சி, இந்தப் பெயரடை வினையடையாக வரும் ஓரிடம். ‘நான்காம் ஹென்றி’ முதல் பாகத்தில் 1403ஆம் ஆண்டின் ஷ்ரூஸ்பரிப் போர் நடக்கிறது. எதிரிகளைக் குழப்புவதற்காக அரசனின் உடையை அணிந்தவர்கள் பலர் களத்தில் திரிகிறார்கள். சர் வால்டர் பிளண்ட் அவர்களில் ஒருவர். எதிரிப் படையைச் சேர்ந்த டக்ளஸ் அவரை அரசனென்று எண்ணிக் கொன்றுவிட்டு, எல்லாம் முடிந்தது என்று கூவுகிறான். அவன் கூட்டாளி ஹாட்ஸ்பர் வந்து முகத்தைப் பார்த்ததும், இவன் பிளண்ட், அரசனைப் போல ‘செம்ப்ளபிளி’ உடுத்தியிருக்கிறான் என்கிறான். இந்த ஓரிடத்தில் மூன்று பொருள்களில் இரண்டு ஒன்றின் மேல் ஒன்றாக ஏறி நிற்கின்றன: உடை உண்மையாகவே அரசனின் உடையை ஒத்தது, உள்ளே இருந்தவர் அரசர் அல்லர்.

அவள் முதலில் ‘அரசனை ஒத்த உடையில்’ என்று எழுதினாள். ஏமாற்று காணாமல் போயிற்று. பிறகு ‘அரசனைப் போல வேடமிட்டு’ என்றாள். வேடம் என்றதும் கூத்து மேடை வந்துவிட்டது, பிளண்டின் சாவு இலேசாகிவிட்டது. தொல்காப்பியர் மெய்யுவமத்துக்கு உரியதாக வைத்த எட்டில் ‘மருள’ என்ற உருபை எடுத்துப் பார்க்கச் சொன்னேன். மருளுதல் என்றால் மயங்குதல். வடிவம் ஒத்திருப்பதையும், பார்த்தவன் ஏமாந்துபோனதையும் அது சேர்த்துச் சொல்லும். ‘அரசனென மருளும் கோலத்தில் பிளண்ட்’ என்று வரி அமைந்தது. சற்றுப் பின்னால் டக்ளஸ் பேசும் வரி அதோடு ஒட்டிக்கொண்டது: அப்படியானால் அவனுடைய அங்கிகளை எல்லாம் கொல்வேன், அரசனைச் சந்திக்கும்வரை அவன் உடைப் பெட்டியை ஒவ்வோர் உருப்படியாக வெட்டிச் சாய்ப்பேன்.